புகைக்கூட்டால் கறுப்பாய் வடிகிறது, புகையும் குசினிக்குள்ளேயே திரும்புகிறது. என்ன செய்யலாம்?

மல்லாவி மருமகள்:

வணக்கம். விறகடுப்பில் சமைக்கிறவர்கள், அடுப்புக் கட்டத் தெரிந்தவர்கள் யாராவது இருந்தால் பொறுமையாக வாசித்து ஒரு பதில் எழுதுங்கள். விஷயம் கொஞ்சம் நீளம்.

எங்கள் குசினி வீட்டோடு ஒட்டாமல் பின்பக்கம் தனியாக இருக்கிறது. புளொக் கல்லுச் சுவர், தகரக் கூரை. இடுப்பளவு உயரத்தில் மேடை கட்டி அதன் மேல் இரண்டு வாய் மண் அடுப்பு. அடுப்புக்குப் பின்னால் புகைக்கூடு. கூரைக்கு ஒரு முழம் கீழே வரைக்கும் கல்லால் கட்டியிருக்கிறது. அதற்கு மேலே தகரக் குழாய், இரண்டு துண்டு செருகி, கூரைக்கு வெளியே போகிறது. நுனியில் தகரத்தால் ஒரு தொப்பி.

2022 இல் காஸ் இல்லாமல் நாடே வரிசையில் நின்ற நேரம் கட்டியது இது. பிறகு காஸ் கிடைத்தும் நாங்கள் முழுக்கத் திரும்பிப் போகவில்லை. தேத்தண்ணி, அவசரத்துக்கு ஒரு முட்டைப் பொரியல் என்றால் காஸ். சோறு, கறி, மாட்டுக்குக் கஞ்சி எல்லாம் விறகு. வேலி முழுக்கக் கிளிசிரிடியா நிற்கிறது, விறகுக்குக் காசு இல்லை.

வெயில் காலத்தில் ஒரு குறையும் சொல்ல முடியாது. ஐப்பசி மழை தொடங்கினால்தான் வினை. விடிய அடுப்பு மூட்டினால் புகை மேலே போகாமல் முகத்துக்குத் திரும்புகிறது. அடுப்பு நன்றாகச் சூடேறின பிறகுதான் கொஞ்சம் அடங்கும். குழாய் செருகின இடத்தால் கறுப்பாய், பிசுபிசு என்று ஏதோ வடிந்து சுவரில் கோடு கோடாய் இறங்கியிருக்கிறது. துணியால் துடைத்தால் இன்னும் பரவுகிறது. சவர்க்காரத்துக்கும் போகவில்லை. புளிப்பும் கருகலும் கலந்த ஒரு மணம் வேறு. சின்னவனுக்கு இழுப்பு இருக்கிறது, அதனால்தான் இதை இனியும் தள்ளிப்போட மனமில்லை.

அடுப்பின் வாய் வடக்குப் பார்த்திருப்பதுதான் காரணம் என்று மாமி சொல்கிறா. நெருப்புக்குள் ஒரு பிடி உப்புப் போட்டால் புகைக்கூடு தானாய்ச் சுத்தமாகும் என்று பக்கத்து வீட்டு அக்கா சொல்கிறா. இவர் கிளிநொச்சியில் வேலை, சனிக்கிழமைதான் வருவார். மண்ணெண்ணெயில் நனைத்த சாக்கைக் குழாய்க்குள் விட்டுக் கொளுத்தினால் எல்லாம் எரிந்து கொட்டுப்படும் என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள். அதைக் கேட்கவே எனக்குப் பயமாக இருக்கிறது.

இந்தக் கறுப்பு என்ன, எப்படி எடுப்பது, திரும்ப வராமல் என்ன செய்வது? இன்னொன்றும் கேட்க வேண்டும். அலுமினியச் சட்டியைச் சாம்பல் போட்டுத் தேய்த்தால் புள்ளி புள்ளியாய்க் குழி விழுகிறது. சாம்பல் கூடாதா?

பரந்தன் சந்தி:

சிலிண்டர் ஒன்று எடுத்தால் இந்தக் கேள்வி ஒன்றும் வராது தங்கச்சி. இந்தக் காலத்திலும் ஊதுகுழலோடு நிற்கிறீர்களே.

மல்லாவி மருமகள்:

சிலிண்டர் வீட்டில் இருக்கிறது என்று எழுதியிருக்கிறேன் அண்ணை. மாட்டுக் கஞ்சியைக் காஸில் வைத்தால் மாட்டை விற்றுத்தான் அடுத்த சிலிண்டர் வாங்க வேண்டி வரும்.

ஒட்டுசுட்டான் மேசன்:

பிள்ளை, உப்பும் வேண்டாம், மண்ணெண்ணெய்ச் சாக்கு வேண்டவே வேண்டாம். இதை முதலில் சொல்லிவிட்டுத்தான் மற்றதுக்கு வருகிறேன், சனிக்கிழமை வரப்போகிறது.

அந்தக் கறுப்பு புகையின் தார். மரம் எரியும்போது புகையோடு ஆவியாய்ப் போய், குளிர்ந்த இடத்தில் படிந்து, பிசினாகி, கடைசியில் கண்ணாடி பூசின மாதிரி இறுகிவிடும். அது நன்றாக எரியக்கூடிய சாமான். குழாய்க்குள் பிடித்திருக்கும் தாருக்கு நெருப்பு வைத்தால் உள்ளே ஆயிரம் பாகைக்கு மேல் சூடு ஏறும். தகரம் சிவந்துபோகும், கல் வெடிக்கும், மேலே பொறி பறக்கும். பக்கத்தில் கிடுகால் வேய்ந்த மாட்டுக்கொட்டில் இருக்குமே? அதை நினைத்துப் பாருங்கள். உப்பு தாரை எடுக்காது. புகையோடு போய்த் தகரத்தை அரிக்கும், அவ்வளவுதான்.

கொத்துவேலைதான் என் தொழில். ஒட்டுசுட்டான், நெடுங்கேணி, புதுக்குடியிருப்புப் பக்கம் வீட்டுத்திட்டம் வந்த காலத்தில் நிறையக் குசினி கட்டியிருக்கிறேன். புகைக்கூடு சரியில்லை என்று கூப்பிடுகிற வீடுகளில் பாதிக்குமேல் கோளாறு விறகில்தான் இருக்கும். வீட்டுக்காரருக்கு அதைச் சொன்னால் பிடிக்காது. கூலி கொடுத்துக் கூப்பிட்டது கல்லை இடித்துக் கட்டத்தானே, விறகைப் பற்றிப் புத்தி கேட்கவா என்கிற முகத்தோடு நிற்பார்கள்.

பச்சை மரத்தின் நிறையில் ஏறக்குறையப் பாதி தண்ணீர். அதை அடுப்பில் வைத்தால், உங்கள் உலை கொதிக்க முந்தி அந்தத் தண்ணீர் கொதித்து ஆவியாக வேண்டும். நெருப்பின் சூடு அதிலேயே போய்விடும். எரிய வேண்டிய புகை எரியாமல், சூடும் இல்லாமல், தாரைச் சுமந்துகொண்டு மெல்ல மேலே ஏறுகிறது. அங்கே மழையில் நனைந்து சில்லிட்டுப்போன தகரக் குழாய். வந்த தார் அத்தனையும் அதில் படிந்துவிடும். வெயில் காலத்தில் குழாய் சுட்டுக்கொண்டிருக்கும், விறகும் கொஞ்சம் காய்ந்திருக்கும், அதனால் அப்போது குறை தெரியாது.

விறகில் ஈரம் 20 வீதத்துக்குக் கீழே இறங்க வேண்டும். அளக்கக் கருவி இருக்கிறது, ஆனால் இரண்டு கொள்ளியை எடுத்து ஒன்றோடொன்று தட்டினாலே தெரியும். காய்ந்தது கணீர் என்னும், ஈரமானது தொம் என்னும். வெட்டு முகத்தில் நட்சத்திரமாய் வெடித்திருக்க வேண்டும், பட்டை தானாகக் கழல வேண்டும்.

நான்கு விஷயம் சொல்லுங்கள். விறகை எந்த மாதம் வெட்டுகிறீர்கள், எங்கே, எப்படி மூடி வைக்கிறீர்கள்? குழாயின் மேல் துண்டு கீழ்த் துண்டுக்கு உள்ளே போகிறதா, வெளியே மாட்டியிருக்கிறதா? குழாய் எத்தனை அங்குலம்? பெரிய வீடு குசினிக்கு எந்தத் திசையில், எவ்வளவு தூரத்தில் நிற்கிறது?

மல்லாவி மருமகள்:

பார்த்துவிட்டு எழுதுகிறேன் அண்ணை. ஆடி கடைசி, ஆவணியில் வேலியைக் கிளை அறுத்து விறகாக்குவோம். மழைக்கு முந்தி வீட்டுச் சுவரோடு அடுக்கி, தறப்பாளால் நிலம் வரைக்கும் நாலு பக்கமும் இழுத்துக் கட்டிவிடுவோம். ஒரு சொட்டு மழை உள்ளே போகாது. ஆனால் நீங்கள் சொன்ன மாதிரித் தட்டிப் பார்த்தேன், தொம் என்றுதான் கேட்கிறது. தறப்பாளின் உட்பக்கம் வேர்த்திருக்கிறது.

மேல் துண்டு கீழ்த் துண்டுக்கு வெளியே, மூடி போட்ட மாதிரி மாட்டியிருக்கிறது. அகலம் ஆறு அங்குலம். பெரிய வீடு ஓட்டு வீடு, குசினிக்கு வடகிழக்கில், எட்டடி தள்ளி. அதன் முகடு எங்கள் புகைக்குழாயை விட உயரம்.

ஒட்டுசுட்டான் மேசன்:

அப்படியென்றால் மாமிக்கு ஒரு தேத்தண்ணி போட்டுக் கொடுங்கள். அவ சொன்னதில் பாதி சரி. அடுப்பின் வாய் எங்கே பார்க்கிறது என்பது இல்லை, வடக்கிலிருந்து வருகிற காற்றுத்தான் சங்கதி. மாரியில் நமக்கு வாடைக்காற்று, வடகிழக்கால் வரும். பெரிய வீட்டின் முகட்டில் ஏறி, இந்தப் பக்கம் கீழே இறங்குகிற இடத்தில் உங்கள் குழாயின் வாய் இருக்கிறது. காற்றே புகையைத் திருப்பி அமுக்குகிறது. சித்திரை, வைகாசிக்குப் பிறகு கச்சான்காற்று மற்றப் பக்கத்தால் அடிக்கும்போது இந்தத் தொல்லை இல்லை. நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

கணக்கு இதுதான். குழாய் கூரையை விட்டு வெளியே வருகிற இடத்திலிருந்து குறைந்தது மூன்றடி உயர வேண்டும். பத்தடிக்குள் வேறு கூரை, முகடு, சுவர் எது இருந்தாலும் அதைவிட இரண்டடி கூட நிற்க வேண்டும். உங்கள் குழாயை உயர்த்தாமல் தப்ப முடியாது. உயர்த்தினால் இழுவையும் கூடும். உயரமான குழாய் காற்றுக்கு ஆடாமல் மூன்று பக்கமும் கம்பி இழுத்துக் கட்டுங்கள்.

குழாய் மாட்டியிருப்பது பிழை. கட்டினவர் கூரை ஓட்டுக் கணக்கில் யோசித்திருக்கிறார்: மேலது கீழதுக்கு வெளியே இருந்தால் மழை உள்ளே இறங்காது. சரிதான், ஆனால் புகைக்குழாயில் உள்ளே வடிகிற தாரைத்தான் முதலில் பார்க்க வேண்டும். மேல் துண்டின் வாய் கீழ்த் துண்டுக்குள் இறங்கியிருந்தால் வடிகிறது எல்லாம் குழாய்க்குள்ளேயே ஓடி அடியில் சேரும், சூட்டில் காய்ந்து உதிரும். இப்போது மேலிருந்து வருவது பொருத்துக்குள் புகுந்து வெளியால் சுவருக்கு வருகிறது. அந்தத் தாரில் புளிப்பும் இருக்கிறது, நீங்கள் சொன்ன மணம் அதுதான். மெல்லிய தகரத்தை அது தின்றுவிடும். கழற்றும்போது ஊசித் துவாரம் இருக்கிறதா என்று வெளிச்சத்துக்குப் பிடித்துப் பாருங்கள். இருந்தால் ஒட்டுப்போடாமல் மாற்றிவிடுங்கள். மழைக்குத் தொப்பி இருக்கிறது, கூரைத் துவாரத்தைச் சுற்றித் தகரத்தால் பாவாடை வைத்து அடைத்தால் போதும்.

இனித் துப்புரவு. முதல்நாள் இரவிலிருந்து அடுப்பு அணைந்து ஆறியிருக்க வேண்டும். குசினியில் இருக்கிற சாமானை வெளியே எடுத்து, அடுப்பின் இரண்டு வாயையும் ஈரச் சாக்கால் மூடுங்கள், இல்லாவிட்டால் கரி முழுக்கச் சோற்றுப்பானையில். மூக்கு வாய்க்குத் துணி, கண்ணுக்கு ஏதாவது மறைப்பு. தகரக் குழாயைக் கழற்றி வெற்றுக் காணிக்குக் கொண்டுபோய் நிலத்தில் கிடத்தித் தட்டினால் உலர்ந்த கரி கொட்டும். ஒட்டினதைத் தேங்காய்ப் பொச்சும் மணலும் வைத்து உரசுங்கள். கிணற்றடியில் வைத்துக் கழுவ வேண்டாம்.

கல்லால் கட்டின பகுதிக்கு நீளக் கயிறு, நடுவில் பொச்சும் ஈர்க்கும் சேர்த்துக் கூட்டின் அகலத்துக்குக் கட்டின ஒரு கட்டு, அதற்குக் கீழே ஒரு கல். ஒருவர் மேலே, ஒருவர் கீழே, மாறி மாறி இழுக்க வேண்டும். தும்புத்தடியை மூங்கிலில் நீட்டிக் கட்டியும் செய்யலாம், ஆனால் மூலைக்குள் போகாது. தகரக் கூரையில் மழை ஈரத்தோடு ஏறக்கூடாது. ஏறுகிறவர் தகரத்தை மிதிக்காமல் ஆணி அடித்த கோட்டில், மரம் இருக்கிற இடத்தில் மிதிக்க வேண்டும். இதை வாசிக்கிற வேறு யாராவது அஸ்பெஸ்டஸ் குழாய் வைத்திருந்தால் அதை உலர உரசவே கூடாது, தூள் நெஞ்சுக்கு ஆகாது. சூட்டில் அது வெடிக்கவும் கூடும், அடுப்புக்கு அது தோதில்லை.

கரியெல்லாம் அடியில் விழும். அங்கே கையளவு ஒரு வாய் வைத்து மூடி போட்டிருக்கிறார்களா? இல்லையென்றால் ஒரு கல்லைக் கழற்றி அப்படி ஒன்று வையுங்கள். அது இல்லாத புகைக்கூட்டை வயிறு இல்லாத மனிசன் என்று எங்கள் ஆட்கள் பகிடி பண்ணுவார்கள். அதனால் இன்னொரு உபகாரமும் உண்டு. விடிய அடுப்பு மூட்டமுந்தி அந்த வாய்க்குள் காய்ந்த பன்னாடை ஒரு பிடி, இல்லாவிட்டால் தென்னோலை ஒரு கீற்றுக் கொளுத்திவிடுங்கள். கூட்டுக்குள் இரவு முழுக்கக் கிடந்த குளிர்காற்று சூடாகி எழும்பும். பிறகு மூட்டுகிற புகை அதன் பின்னால் போய்விடும். ஆனால் இதைத் துப்புரவு செய்த பிறகுதான் செய்ய வேண்டும், தாரோடு செய்யாதீர்கள்.

விறகை மாசி, பங்குனியில், மழை ஓய்ந்த கையோடு வெட்டுங்கள். மணிக்கட்டு மொத்தத்துக்குப் பிளந்து, நிலத்தில் படாமல் இரண்டு பனங்குற்றியின் மேல் குறுக்கும் நெடுக்குமாய் அடுக்குங்கள். கச்சான் முழுக்க அதற்குள்ளால் போகட்டும். மேலே மட்டும் தகரம், பக்கம் திறந்து. நீங்கள் தறப்பாளால் மூடி வைத்தது மழையை மறித்தது உண்மை, மரத்தின் தண்ணீரையும் வெளியே விடாமல் மறித்துவிட்டது. அடுக்கு வீட்டுச் சுவரோடு வேண்டாம், கறையான் ஏறும். புடையனும் தேளும் அதற்குள் குடியிருக்கும், கையை விடமுந்தி தடியால் தட்டுங்கள். 2012 இல் மாங்குளத்துப் பக்கம் இருந்து புதிய இனம் என்று பேர் வைத்தார்களே ஒரு பெரிய புலிமுகச் சிலந்தி, ஒரு சாப்பாட்டுத் தட்டு அகலம் வரும், அந்த வம்சத்துக்கும் மரப்பொந்துதான் இஷ்டம்.

இந்த மாரிக்கு என்ன செய்வது என்று கேட்பீர்கள். நாளைக்கு எரிக்கிற விறகை இன்றைக்கே அடுப்பு மேடைக்குக் கீழே கொண்டுவந்து வையுங்கள், அடுப்பு வாய்க்கு நேரே இல்லாமல். ஊமல், சிரட்டை, பாளை கலந்து எரியுங்கள். சொப்பிங் பாக் கொளுத்தி அடுப்பு மூட்டுகிற பழக்கம் இருந்தால் இன்றோடு விட வேண்டும், இழுப்புக்காரப் பிள்ளை இருக்கிற வீடு. மாட்டுக் கஞ்சிக்கு ஒரு பெரிய குற்றியைத் தள்ளிவிட்டுப் போய் அது மணிக்கணக்காய்ப் புகைந்துகொண்டு கிடக்கிறதும் கூடாது. தார் அதில்தான் கூடப் படியும். சின்னக் கொள்ளி, சுறுக்காய் எரிகிற நெருப்பு, நுனி எரிய எரியத் தள்ளிவிடுகிறது. அவ்வளவுதான்.

மல்லாவி மருமகள்:

மாமிக்கு வாசித்துக் காட்டினேன். தேத்தண்ணிக்கு முந்தியே வெற்றிலை மடித்து உட்கார்ந்துவிட்டா. இவருக்கும் அனுப்பிவிட்டேன், மண்ணெண்ணெய்க் கதையை இனி எடுக்கமாட்டார்.

ஒன்று மட்டும். அப்படித் தவறிக் குழாய்க்குள் நெருப்புப் பிடித்தால் என்ன செய்வது?

ஒட்டுசுட்டான் மேசன்:

லொறி வருகிற மாதிரி ஒரு இரைச்சல் குழாய்க்குள் கேட்கும், அதுதான் அடையாளம். பிள்ளைகளை வெளியே அனுப்புங்கள். கொள்ளியை இழுத்து வெளியே மணலில் போட்டு, அடுப்பு வாய் இரண்டையும் அடிவாயையும் ஈரச் சாக்கால் அடையுங்கள். சணல் சாக்கு, உரப்பை இல்லை. கீழால் காற்றுப் போகாவிட்டால் அடங்கும். மேலேயிருந்து தண்ணீர் ஊற்றக்கூடாது, சுட்ட கல் வெடிக்கும், ஆவி முகத்தில் அடிக்கும். தண்ணீரைக் கூரைக்கும் கொட்டிலுக்கும் அடியுங்கள். அணைந்த பிறகு கூட்டில் வெடிப்பு இருக்கிறதா என்று பார்க்காமல் அடுத்த அடுப்பு மூட்ட வேண்டாம்.

பேர்கன் மாங்குளத்தான்:

நான் நோர்வேயில் பேர்கனில் இருக்கிறேன். எங்கள் வீட்டில் வார்ப்பிரும்பு அடுப்பு, கண்ணாடிக் கதவு, சமையலுக்கு இல்லை, குளிருக்கு. ஆனாலும் மேசன் அண்ணை எழுதினதை வாசிக்க இங்கே நாங்கள் படிக்கிற பாடமும் அதுவாகத்தான் இருக்கிறது. விறகு 20 வீதம், பிளந்து அடுக்கி மேலே மட்டும் மூடுவது, புகைய விடாமல் எரிப்பது.

இங்கே புகைக்கூடு துடைப்பது உள்ளூராட்சியின் பொறுப்பு. ஆள் வந்து, கூரையில் ஏறி, குண்டு கட்டின கம்பித் தூரிகையை இறக்குவார். அண்ணையின் கல்லுக் கட்டின பொச்சுத்தான் அது. 1998 இலிருந்து புதிதாய் வைக்கிற அடுப்பெல்லாம் புகையைக் குறைவாக விடுகிற வகையாக இருக்க வேண்டும் என்று சட்டம். மேலே இன்னொரு வழியால் சூடான காற்றை விட்டுப் புகையையே எரித்துவிடுகிற அமைப்பு.

என் அடுப்பில் நான் செய்கிற வேலை கொஞ்சம் வேறு. கதவைச் சுற்றி ஒரு நார்க்கயிறு இருக்கும், காற்றுக் கசியாமல். ஒரு தாளை வைத்துக் கதவைச் சாத்தி இழுத்துப் பார்ப்பேன். சும்மா உருவிக்கொண்டு வந்தால் கயிறு மாற்ற வேண்டும். கண்ணாடியில் பிடிக்கிற கறுப்பை, நனைத்த பத்திரிகைத் தாளில் கொஞ்சம் சாம்பலைத் தொட்டுத் தேய்த்தால் போய்விடும், கடைத் தெளிப்பான் தேவையில்லை. சாம்பலை முழுக்க வாருவதில்லை, அடியில் இரண்டு விரல் கனம் விட்டால் தணல் நிற்கும். மூட்டும்போது பெரிய கட்டை அடியில், சுள்ளி மேலே, நெருப்பு மேலேயிருந்து. புகை குறைவு. நீங்களும் அப்படி மூட்டிப் பார்க்கலாமே?

புகைக்கரியை லேசாக நினைக்காதீர்கள். 1775 இல் லண்டனில் பெர்சிவல் பொட் என்ற சத்திரசிகிச்சை நிபுணர், சின்ன வயதில் புகைக்கூட்டுக்குள் இறங்கித் துடைத்தவர்களுக்கு வந்த புற்றுநோய்க்கு இந்தக் கரிதான் காரணம் என்று எழுதினார். துப்புரவு முடிந்தவுடன் குளித்து, போட்ட உடுப்பைத் தனியாகத் தோய்க்க வேண்டும். சமையல் புகையும் மற்ற வீட்டுப் புகையும் சேர்ந்து 2020 இல் மட்டும் உலகத்தில் 32 இலட்சம் பேரின் உயிரை எடுத்ததாக உலக சுகாதார நிறுவனம் கணக்குச் சொல்கிறது. அம்மா மாங்குளத்தில் இன்னும் மூன்று கல்லு அடுப்பில்தான் குனிந்து ஊதுகிறா. காஸ் அடுப்பு வாங்கிக் கொடுத்தேன், அதற்கு மேல் துணி விரித்து சுவாமிப் படம் வைத்திருக்கிறா.

மழைக்குக் குளிர் என்று தணலைச் சட்டியில் அள்ளிப் படுக்கிற அறைக்குள் வைக்கிற பழக்கம் யாருக்காவது இருந்தால் வேண்டாம். தணலிலிருந்து வருகிற காபனோரொட்சைட்டு என்ற நச்சு வாயுவுக்கு மணமும் இல்லை, நிறமும் இல்லை.

ஒட்டுசுட்டான் மேசன்:

தம்பி, உங்கள் பெட்டி அடுப்புக்கு அது சரி. எங்கள் மண் அடுப்பில் விறகு பக்கத்தால் நுழைகிறது, மேலே சட்டி இருக்கிறது. மேலேயிருந்து மூட்ட இடம் எங்கே? சாம்பலும் இங்கே தினமும் வாரத்தான் வேண்டும். சாம்பல் ஏறினால் அடுப்பின் வயிறு சுருங்கிக் கொள்ளிக்கு அடியால் காற்றுப் போகாது. சட்டிக்கும் அடுப்பின் விளிம்புக்கும் நடுவே அரை அங்குலம் இடைவெளி வேண்டும், அதிலும் கரி அடைக்கும், விரலை விட்டு எடுங்கள்.

அம்மாவுக்கு அனகி அடுப்பு ஒன்று வாங்கிக் கொடுங்கள். களிமண்ணால் ஒரே துண்டாய்ச் சுட்டது, ஒரு வாயால் விறகு வைக்க இரண்டு சட்டி வேகும். சுற்றிவர மண் வைத்துப் பூசினால் சூடும் நிற்கும், உடையவும் உடையாது. மூன்று கல்லைவிட விறகு குறையும். மேடை கட்டி அதன் மேல் வைத்தால் குனிய வேண்டியதில்லை. சுவாமிப் படத்தை எடுக்கச் சொல்லவும் வேண்டியதில்லை.

விசுவமடுத் தோட்டம்:

மருமகள் அக்கா, சாம்பல் கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லை, நான் சொல்கிறேன். சாம்பல் ஈரப்பட்டால் காரம். அலுமினியத்தின் மேலே மெல்லிய ஒரு காப்புப் படை இருக்கும், காரம் அதைக் கரைத்துவிட்டு உள்ளே அரிக்கும். உடனே தேய்த்து உடனே கழுவினால் பெரிதாய் ஒன்றும் இல்லை. இரவு சாம்பல் பூசி ஊறவைத்து விடியத் தேய்க்கிறீர்கள் என்று நினைக்கிறேன், குழி அதனால்தான். சட்டியை அடுப்பில் வைக்கமுந்தி வெளிப்பக்கம் சவர்க்காரத்தை மெல்லிதாய்ப் பூசிவிடுங்கள், கரி பிறகு தண்ணீரோடேயே வந்துவிடும். கறுத்த அலுமினியத்துக்குப் பழப்புளி அல்லது தேசிக்காய் மூடி. சாம்பலை மண்சட்டிக்கும் இரும்புத் தாச்சிக்கும் வைத்துக்கொள்ளுங்கள்.

வாரின சாம்பலை உடனே பிளாஸ்டிக் வாளியில் போடாதீர்கள். மேலே ஆறினாலும் உள்ளே தணல் நாள்கணக்கில் உயிரோடு கிடக்கும். மூடியுள்ள தகர ரின்னில் போட்டு, கொட்டிலுக்குத் தள்ளி வையுங்கள்.

அதை வீசவும் வேண்டாம். சுண்ணாம்புச் சத்தும் பொட்டாசியமும் உள்ள உரம் அது. நான் வாழைக்கும் மிளகாய்க்கும் மெல்லிதாய்த் தூவி மண்ணோடு கிளறிவிடுவேன். யூரியாவோடு மட்டும் ஒரே நேரத்தில் போடக்கூடாது, யூரியாவின் சத்து அமோனியாவாய்ப் பறந்துவிடும். இங்கே சில காணியில் மண் ஏற்கெனவே காரம், அங்கே கையை அடக்கிப் போட வேண்டும். பயறு, உழுந்து விதைக்கு எடுத்துவைக்கும்போது அரித்த உலர்ந்த சாம்பலில் கலந்து வைத்தால் வண்டு குறையும். பெயின்ற் அடித்த பலகை, பொலித்தீன் எரித்த சாம்பலை மட்டும் தோட்டத்துக்குக் கொண்டுபோகாதீர்கள். புகைக்கூட்டில் உரசி எடுத்த கறுப்பும் சாம்பல் இல்லை, அதைத் தூரமாய்க் கிடங்கு வெட்டித் தாழ்த்துவிடுங்கள்.

மல்லாவி மருமகள்:

ஓம் தங்கச்சி, இரவு பூசி வைக்கிறதுதான். மாமியின் வெள்ளிப்பானை மாதிரி வரவேண்டும் என்று.

மேசன் அண்ணை, இவர் வந்து குழாயைக் கழற்றிப் பார்த்தார். கீழ்த் துண்டின் பொருத்தில் துவாரம் இருக்கிறது, மாற்றத்தான் வேண்டும். தொப்பிக்கும் குழாய்க்கும் நடுவே இரண்டு விரல்தான் இடைவெளி, குருவி நுழையாமல் ஒரு கம்பிவலையும் சுற்றியிருக்கிறது. வலை முழுக்கத் தாரால் அடைத்துப் பலகை மாதிரி இருக்கிறது. அடுப்பைச் சுற்றியும் வெடிப்பு. புதிதாய்ச் செய்யும்போது இதெல்லாம் எப்படி வைக்கச் சொல்ல வேண்டும்?

ஒட்டுசுட்டான் மேசன்:

அந்த வலையே பாதி வினை. கண் சின்னதாக இருந்தால் ஒரு மாரியிலேயே அடைத்துவிடும். குருவிக்காகத்தான் வேண்டுமென்றால் பெருவிரல் நுழைகிற கண்ணுள்ள வலை போடுங்கள், மாதத்துக்கு ஒருக்கால் தடியால் தட்டிவிடுங்கள். தொப்பிக்கும் குழாய் வாய்க்கும் இடைவெளி குழாய் அகலத்தின் பாதிக்குக் குறையக்கூடாது. உங்களுக்கு ஆறு அங்குலம் என்றால் மூன்று, நான்கு வைத்தாலும் குற்றமில்லை. தொப்பியின் விளிம்பு குழாயை விட அகலமாய் வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் சாய்வாய் வருகிற மழையும் உள்ளே போகாது. குழாய் தகரம் கனமானதாய்ப் பாருங்கள், கூரைக்குப் போடுகிற மெல்லிய தகரத்தை வளைத்துத் தருவார்கள், வாங்காதீர்கள். குழாயை முழங்கை மாதிரி வளைக்கவும் விடாதீர்கள், நேரே மேலே போகட்டும். வளைவில்தான் கரி உட்காரும்.

அடுப்பு வெடிப்புக்குச் சீமெந்து பூசாதீர்கள், சூட்டில் கழன்று விழும். புற்றுமண்ணை இடித்து அரித்து, மணல், வெட்டின வைக்கல், கொஞ்சம் சாணி சேர்த்துப் பிசைந்து ஒரு நாள் புளிக்க வையுங்கள். உருண்டை பிடித்து நிழலில் காயவிட்டுப் பார்க்க வேண்டும். வெடித்தால் மணல் கூட்டு, உதிர்ந்தால் மண் கூட்டு. வெடிப்பை நனைத்து, உள்ளே அமுக்கி நிரப்பி, நிழலில் காயவிட்டு, பிறகு சின்ன நெருப்பில் தொடங்குங்கள். புற்றுமண்ணுக்குக் காட்டுக்கரைக்குப் போனால் மிதிவெடிக்குச் சிவப்புக் குறித்தடி நட்ட பக்கம் போகக்கூடாது. உங்கள் வீட்டுக்காரர் கிளிநொச்சியில் வேலை செய்கிறவர், அவருக்கு நான் சொல்லத் தேவையில்லை.

அளவை எழுதி ஒட்டுவேலை செய்கிறவரிடம் கொடுத்துவிட்டு, மேல் துண்டு கீழ்த் துண்டுக்குள் என்பதை வாயாலும் சொல்லுங்கள். சொல்லாவிட்டால் திரும்பவும் மூடி போட்டுத்தான் தருவார்.